ஆண்டியப்பன் வீட்டில் நீ கொடுத்த வாக்கு

கரடிப்போக்கு,
கிளிநொச்சி.
22.10.2025

அன்புள்ள தம்பி கோகுலனுக்கு,

அக்கா விமலேஸ்வரி எழுதுகிறேன். இங்கே நான் உடம்பளவில் சுகம். நீயும் அருந்ததியும் பிள்ளைகளும் அப்படியே இருப்பீர்கள் என்று நம்புகிறேன். இந்தக் காலத்தில் கடதாசியும் பேனையுமா என்று சிரிக்காதே. வட்ஸ்அப்பில் குரல் அனுப்பினால் வேகத்தைக் கூட்டிவிட்டுக் கேட்கிறாய். மின்னஞ்சல் போட்டால் கம்பனியில் யார் யாரோ படிக்கிறார்கள். சின்னராசா மாமா நாளைக்கு ரொறன்ரோவுக்குப் புறப்படுகிறார். உன் கையிலேயே கொடுக்கவேண்டும், வாசலில் வைத்துவிட்டு வரக்கூடாது என்று அவரிடம் சொல்லித்தான் இதைக் கொடுக்கப்போகிறேன்.

அம்மாவின் முழங்கால் நோ குறையவில்லை. தீபாவளியன்று நீ எடுப்பாய் என்று தொலைபேசியை மடியில் வைத்துக்கொண்டே இருந்தார். உனக்கு அங்கே வேலைநாள் என்று சொல்லிச் சமாளித்தேன். மழை தொடங்கிவிட்டது. அக்கராயன் பக்கம் விதைப்பு மும்முரம். எங்கள் வயலையும் இந்த முறை ஆண்டியப்பன்தான் குத்தகைக்கு எடுத்துச் செய்கிறார்.

இனி அலுவலக விசயத்துக்கு வருகிறேன். கூட்டுறவுச் சங்கத்தில் கணக்கெழுதிக்கொண்டிருந்த என்னை இழுத்துவந்து, இரும்புக்கடையின் மேல்மாடியில் இருத்தி, மனிதவள முகாமையாளர் என்று பெயர்ப்பலகையும் அடித்துத் தந்தாய். கனடாவில் பல் வைத்தியர்களின் கிளினிக்குகள் பாவிக்கும் மென்பொருளுக்கு வன்னிப் பிள்ளைகள் வேலை செய்வார்கள், இனி ஒருவரும் கொழும்புக்கு ஓடத் தேவையில்லை என்று திறப்பு விழாவில் நீ பேசினாய். எனக்கு அழுகையே வந்தது. அவ்வளவு நம்பினேன்.

போன கிழமை இணையக் கூட்டத்தில், கிளிநொச்சியில் திறமையான ஆள் கிடைப்பதில்லை, அதுதான் எங்கள் பெரிய பிரச்சினை என்று உன் வெள்ளைக்காரப் பங்காளிக்குச் சொன்னாய். நானும் அந்தச் சதுரப் பெட்டிகளில் ஒன்றுக்குள் இருந்தேன். என் ஒலியை அடைத்து வைத்திருந்தீர்கள். அங்கே சொல்ல முடியாததை இங்கே சொல்கிறேன், கேள்.

முதலில் எடுத்த பிள்ளைகளை ஒரு வருடம் பழக்கினோம். பழகியதும் கொழும்புக் கம்பனிகள் அள்ளிக்கொண்டு போயின. நன்றி கெட்டதுகள் என்று நீ கொதித்தாய். நீ ரொறன்ரோவில் எத்தனை கம்பனி மாறினாய் என்று நான் கேட்கவில்லை. பிறகு, இரண்டு வருடம் விலகமாட்டோம் என்று கையெழுத்து வாங்கச் சொன்னாய். கெட்டிக்காரர் ஒருவரும் அந்தப் பக்கம் வரவில்லை. அதற்குப் பிறகு நேர்முகத் தேர்வையே என்னிடமிருந்து பறித்து இயந்திரத்திடம் கொடுத்தாய். கமெராவைப் பார்த்துத் தன்னைத்தானே புகழவேண்டும், அதற்கு அது புள்ளி போடும். பூநகரியில் ஒரு பெடியன் வீட்டுக்குள் சிக்னல் இல்லாமல் கடற்கரை வெளியில் நின்று பதில் சொன்னான். காற்று இரைச்சலில் பேச்சு விளங்கவில்லை என்று அவனைத் தள்ளிவிட்டது. அது பொறுக்கித் தந்த மூன்று பேரும் கொழும்பில் இருப்பவர்கள். வேலை கிளிநொச்சியில் என்று அறிந்ததும் ஒருவரும் என் அழைப்பை எடுக்கவில்லை. இதற்குப் பெயர் ஆள் பஞ்சமாம்.

இங்கே தாய் தகப்பன்மார் என்னிடம் வந்து சம்பளத்தைப் பற்றிக் கேட்பதில்லை. கம்பனி நிற்குமா, முதலாளி யார் வீட்டுப் பிள்ளை என்றுதான் கேட்பார்கள். அப்புத்துரையின் மகன் என்று சொன்னால் தலையாட்டிவிட்டுப் போவார்கள். அப்பாவின் பெயரை இத்தனை தரம் விற்றிருக்கிறேன்.

மற்றவர்கள் எல்லாரும் போனபோதும் போகாமல் நின்றவள் நிசாந்தினி ஒருத்திதான். ஆண்டியப்பனின் மகள். பல்கலைக்கழகத்தில் கணினி படித்தவள். அவளுக்குப் போன வருடம் ஆசிரியர் நியமனம் வந்தது உனக்குத் தெரியும். முல்லைத்தீவுப் பக்கம் ஒரு பள்ளிக்கூடம். ஓய்வூதியம் உள்ள வேலையை எங்கள் ஊரில் யார் விடுவார்கள்? கலவரத்துக்குத் தப்பி மலைநாட்டிலிருந்து வந்து, காடு வெட்டிக் குடியேறிய குடும்பம் அது. அந்தக் குடும்பத்துக்கு வந்த முதல் அரசாங்க உத்தியோகம். தாய் தங்கம்மா, மகள் முதல் நாள் உடுத்திப்போகச் சேலைகூட வாங்கி வைத்துவிட்டார்.

அந்த நேரம் பார்த்துத்தான் நீ ஊருக்கு வந்தாய். அவர்கள் வீட்டுக்குப் போகவேண்டும் என்றாய். நான் திகைத்துப்போனேன். அப்பாவின் காலத்தில் ஆண்டியப்பன் எங்கள் வயலில் கூலிக்கு நின்றவர். அவர் தேத்தண்ணி குடிப்பதற்கென்று ஒரு தகரப் பேணி குசினிக்கு வெளியே கவிழ்த்து வைத்திருந்தது. எங்கள் குடும்பத்தில் ஒருவரும் அந்த வீட்டில் ஒரு மிடறு தண்ணீர் குடித்தது கிடையாது. நீ போய், அவர்கள் துடைத்துப் போட்ட கதிரையை விட்டுவிட்டு, பாயில் இருந்து சேவற்கறியோடு சாப்பிட்டாய். எனக்கு உன்னை நினைக்கப் பெருமையாக இருந்தது. கை கழுவ முதலே, 'அரசாங்க வேலையில என்ன கிடக்கு? பிள்ளையை எங்களிட்ட விடுங்கோ. இவ எங்கட ஆள், நான் பாத்துக்கொள்ளுறன்' என்று சொன்னாய். ஆண்டியப்பன், 'சின்னையா சொன்னாச் சரிங்க' என்றார். அதோடு பேச்சு முடிந்தது. தங்கம்மா குசினி வாசலில் நின்று கண்ணைத் துடைத்ததை நீ கண்டிருக்க மாட்டாய்.

உங்கள் ஊரில் அது விருந்துக்குப் போன இடத்தில் சொல்லும் ஒரு நல்ல வார்த்தையாக இருக்கலாம். இங்கே ஒருவர் வீட்டுச் சோற்றைத் தின்றுவிட்டுச் சொன்னால் அதற்கு மேல் கடதாசி கேட்பது மரியாதைக் குறைவு. அதுவும் எங்கள் வீட்டு ஆள் அவர்கள் வீட்டில் தின்றுவிட்டுச் சொன்னால் எப்படிக் கேட்பார்கள்? அவளும் கேட்கவில்லை. நியமனம் வேண்டாம் என்று எழுதிக் கொடுத்துவிட்டு வந்தாள். நீ அந்தப் பாயில் இருந்த படத்தைக் கம்பனியின் இணையத்தளத்தில் போட்டாய். இன்றைக்கும் இருக்கிறது. அதற்குக் கீழே, ஐந்து வருட அனுபவம் உள்ளவர்கள் தேவை என்று விளம்பரம். முதல் வருடத்தை எவரும் கொடுக்காவிட்டால் ஐந்து வருடம் எங்கேயிருந்து முளைக்கும்?

சித்திரையில் அவளுக்குப் புது வேலை கொடுத்தாய். கிளினிக்குகள் கேட்கும் கேள்விகளுக்குச் செயற்கை நுண்ணறிவு பதில் எழுதும், அதன் பிழைகளை அவள் திருத்தவேண்டும். வாத்தியார் வேலைக்குப் போகாவிட்டாலும் படிப்பிக்க ஒரு மாணவன் கிடைத்துவிட்டான் என்று நான் அவளைப் பகிடி பண்ணுவேன். அவளும் பொறுமையாகத்தான் படிப்பித்தாள். போன மாதம் என் மேசைக்கு ஓடி வந்து, 'அக்கா, இப்ப அது பிழையே விடுறேல்ல' என்று சந்தோசமாகச் சொன்னாள். நானும் சந்தோசப்பட்டு, பக்கத்துக் கடையில் வடை வாங்கிக் கொடுத்தேன். இரண்டு மடைச்சிகளும் இருந்து தின்றோம்.

தீபாவளிக்கு முதல் நாள் உன் மின்னஞ்சல் வந்தது. ஆரம்ப நிலை வேலைகளை எல்லாம் மூடுகிறோம், உலகம் முழுக்க இதுதான் இப்போதைய போக்கு, இனி அனுபவசாலிகள் மட்டும் போதும், நிசாந்தினிக்கு மென்மையாக அறிவித்துவிடவும் என்று இருந்தது. அக்கா என்ற சொல்லே அதில் இல்லை. மதிப்புக்குரிய முகாமையாளர் அவர்களுக்கு என்று தொடங்கியது. நீ எழுதினாயா, அவள் படிப்பித்த அந்த மாணவன்தான் எழுதினானா என்று தெரியவில்லை. மறுநாள் தீபாவளிக்கு ஆண்டியப்பனும் தங்கம்மாவும் முறுக்குக் கொண்டு வீட்டுக்கு வந்தார்கள். உன் மின்னஞ்சல் இருந்த தொலைபேசியைக் கவிழ்த்து வைத்துவிட்டு அவர்களுக்குத் தேத்தண்ணி ஊற்றிக் கொடுத்தேன்.

பண்டிகை கழியட்டும் என்று நான் பொறுத்தேன். நீங்கள் பொறுக்கவில்லை. இன்று காலை அவள் வந்து கணினியைத் திறந்தபோது அது அவளை உள்ளே விடவில்லை. அங்கேயிருந்தே பூட்டிவிட்டீர்கள். அவளுக்கு அது தெரியாது. 'அக்கா, நான்தான் பிழையா அடிச்சடிச்சுப் பூட்டுப்பட வச்சிட்டன் போல. கோகுலன் அண்ணையிட்ட ஒருக்காத் திறந்து தரச் சொல்லுங்கோ, கிளினிக்காரர் பாத்துக்கொண்டிருப்பினம்' என்று கெஞ்சினாள். 'ஓம், சொல்லுறன்' என்றேன். இதை எழுதுகிறபோது எனக்கு எதிரே இருந்து இணையப் பெட்டியை நிற்பாட்டி நிற்பாட்டிப் போடுகிறாள். உனக்குத்தான் எழுதுகிறேன் என்று கண்டுபிடித்துவிட்டாள். தான் சுகம் கேட்டதாக எழுதச் சொல்கிறாள். எழுதிவிட்டேன்.

நான் அவளுக்குச் சொல்லமாட்டேன், தம்பி. பெயர்ப்பலகையை வேண்டுமானால் கழற்றிக்கொள். எனக்கு உன்மேல் கோபம் இல்லை என்று பொய் எழுத விருப்பமில்லை, நிறையக் கோபம் இருக்கிறது. வலயக் கல்வி அலுவலகத்தில் போய் விசாரித்தேன். அடுத்த ஆசிரியர் நியமனம் எப்போது என்று அவர்களுக்கே தெரியாது, அது வரும்போது அவளுக்கு வயது எல்லை தாண்டியிருக்கவும் கூடும் என்றார்கள். இவ்வளவு பெரிய கம்பனியில் அவளுக்கு ஒரு மூலை இல்லையா? அவளைத் திரும்ப எடு. முடியாது என்றால் நீயே ஆண்டியப்பனுக்குத் தொலைபேசி எடுத்து உன் வாயால் சொல்லு. மென்மையாக ஒன்றும் வேண்டாம், நேராகச் சொல்லு. அவர் உன்னை ஒரு வார்த்தை ஏசமாட்டார், பயப்படாதே. நீ எடுக்கும்வரை நான் சிக்னல் பிழை, மின்சாரப் பிழை என்று அவளுக்குச் சாட்டுச் சொல்லிக்கொண்டிருப்பேன்.

உனக்குத் தெரியாத ஒன்றைச் சொல்லி முடிக்கிறேன். தங்கம்மா வெள்ளிக்கிழமைதோறும் அக்கராயன் பிள்ளையார் கோயிலில் உன் பெயருக்கு அர்ச்சனை செய்விக்கிறார். உன் நட்சத்திரத்தை என்னிடம்தான் கேட்டு வாங்கினார். ஐயரிடம் உன் பெயரை முதலில் சொல்லிவிட்டுத்தான் தன் மகளின் பெயரைச் சொல்வாராம். இந்த வெள்ளிக்கிழமையும் போவார். நான் மறிக்கப்போவதில்லை. அந்தப் பிள்ளையார் உன்னை ஒரு குறையும் இல்லாமல் வைத்திருக்கட்டும்.

இப்படிக்கு,
உன் அக்கா
விமலேஸ்வரி