பழைய வரைபடத்துக்குப் போன மூன்று கடிதங்கள்

தென்காசி,
20-4-1959

அன்பு மகன் ஞானதுரைக்கு அம்மா எழுதுவது. அந்நிய தேசத்தில் ஆண்டவர் உன்னை ஒரு குறையுமில்லாமல் காத்துக்கொள்வாராக. இங்கே யாவரும் சுகம் என்று எழுதியே பழகிப்போன கை, இன்றும் தானாக அந்த வரிக்குத்தான் போகிறது, ஆனால் இன்று அதை எழுத முடியாது மகனே. உன் சுகத்தை மட்டும் கேட்டுக்கொள்கிறேன். முதலில் சாப்பிடு, பிறகு உட்கார்ந்து இதைப் படி. அப்பா கவலைக்கிடம் உடனே புறப்படு என்று காலையிலேயே உனக்குத் தந்தி கொடுத்தாயிற்று. அது எதனால் வந்தது, மூன்று மாதமாக வீட்டிலிருந்து ஒரு வரிகூட ஏன் உனக்கு வரவில்லை என்பதைச் சொல்லத்தான் இந்தக் கடிதம்.

அப்பாவுக்குத் தொண்டையில் புற்று. கிறிஸ்துமஸ் சாப்பாட்டின்போதே சோறு இறங்கவில்லை என்று தண்ணீர் குடித்துக் குடித்து விழுங்கினார்கள், குற்றாலத்து விடுதியில் சீசன் முழுக்க ஆட்களை அதட்டிய தொண்டைதானே, கம்மியிருக்கிறது என்று நானும் மிளகுக் கஷாயம் வைத்துக் கொடுத்துக்கொண்டிருந்தேன். ஜனவரியில் தெற்கே மிஷன் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிக்கொண்டு போனபோதுதான் விஷயம் தெரிந்தது. அன்றைக்கே உனக்கு எழுதினேன். பிப்ரவரியில் ரேடியம் வைத்துப் பார்த்தார்கள், அதையும் எழுதினேன். மார்ச்சில் இனி வீட்டிலேயே வைத்துக்கொள்ளுங்கள் என்று அனுப்பிவிட்டார்கள், ஜூனில் சாரல் விழுகிற வரைக்கும் தாங்குவார்களா என்று கேட்டதற்கு டாக்டர் பேனாவை மூடிச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டார். அதையும் எழுதினேன். மூன்று கடிதங்கள். மூன்றில் ஒன்றைக்கூட நீ பார்க்கவில்லை என்பது எனக்கு முந்தாநாள்தான் தெரியும்.

நடந்தது இதுதான். நீ போகும்போது உன் கையாலேயே விலாசம் எழுதிப் பன்னிரண்டு உறைகள் வைத்துவிட்டுப் போனாய் அல்லவா, அவை டிசம்பரோடு தீர்ந்துவிட்டன. உன் கடிதத்தைப் பார்த்து எழுதியிருந்தால் ஒரு வம்பும் இல்லை. சுகிர்தம்கூட அண்ணன் எழுதியிருக்கிறபடியே எழுதும்மா என்றுதான் சொன்னாள். எனக்குத்தான் அது பொறுக்கவில்லை. வாயில் நுழையாத பெயர், எழுத்தின் குறுக்கே ஒரு கோடு, மேலே ஒரு புள்ளி, இதை டில்லியில் எந்தக் குமாஸ்தா படிக்கப்போகிறான் என்று நினைத்தேன். பள்ளிக்கூடத்தில் என் வகுப்புச் சுவரில் தொங்குகிற ஐரோப்பா மேப்பில் உன் ஊரைத் தேடினேன். ஓடர் நதி வளைந்து வருகிற இடத்தில் பிரெஸ்லாவ், ஜெர்மனி என்று கொட்டை எழுத்தில் இருந்தது. இருபத்திரண்டு வருஷமாக நான் பிள்ளைகளுக்கு நெட்டுருப்போட வைக்கிற ஊர். விஸ்துலா கரையில் வார்சா, ஓடர் கரையில் பிரெஸ்லாவ். இந்தப் பையன் உள்ளூர்க்காரர்கள் சொல்கிறபடி எழுதுகிறான், தபாலுக்கு மேப்பில் உள்ள பெயர்தான் செல்லும் என்று மூன்று உறையிலும் பிரெஸ்லாவ், ஜெர்மனி என்று அழுத்தி எழுதினேன்.

அந்த மேப்பு யுத்தத்துக்கு மூன்று வருஷம் முன்னால் அச்சடித்தது. யுத்தம் முடிந்ததும் போலந்து தேசத்தையே தூக்கி மேற்கே தள்ளி வைத்தார்கள், கிழக்கே இருந்த பாதியை ரஷ்யா எடுத்துக்கொண்டது, மேற்கே ஜெர்மனியின் பங்கைப் போலந்துக்குக் கொடுத்தார்கள், பிரெஸ்லாவ் வ்ரோத்ஸ்வாவ் ஆயிற்று. இதெல்லாம் எனக்குத் தெரியாதா என்ன? நீயே எழுதினாய், அந்த ஊரில் இருந்த ஜெர்மானியர்களை இரண்டு மூன்று வருஷத்துக்குள் அநேகமாக எல்லாரையும் வெளியேற்றிவிட்டார்கள், சுவரில் வெள்ளையடித்த பிறகும் பழைய கடைப் பெயர்கள் அடியில் தெரிகின்றன என்று. நீ வாடகைக்கு இருக்கிற வீட்டு அம்மாளும் ரஷ்யா எடுத்துக்கொண்ட லவூவ் பட்டணத்திலிருந்து துரத்தப்பட்டு வந்தவள், ஜெர்மானியர்கள் என்றைக்காவது திரும்பி வருவார்கள் என்று பயந்து பதிமூன்று வருஷமாகப் பெட்டியைக் கட்டியபடியே வைத்திருக்கிறாள் என்றும் எழுதினாய். அதைப் படித்துவிட்டு உச்சுக் கொட்டினேன். படித்த கையோடு உறையில் ஜெர்மனி என்று எழுதினேன். செங்கோட்டை திருவிதாங்கூரை விட்டு நம் சென்னை ராஜ்யத்தோடு சேர்ந்து இரண்டரை வருஷம் ஆகியும் குத்தாலிங்கம் அண்ணாச்சி கடைப் பலகையில் இன்னும் திருவிதாங்கூர் என்று வைத்திருக்கிறாரே என்று கேலி பண்ணினவள் நான்தான்.

முந்தாநாள் சாயங்காலம் தபாலாபீசிலிருந்து பீர் மைதீன் தாமே வீட்டுக்கு வந்தார். மூன்று உறையும் ஒரே கட்டாக. ஒவ்வொன்றிலும் நாலைந்து முத்திரை, சிவப்பு மையில் என்னென்னவோ எழுதி அடித்திருந்தது. டீச்சர், நீங்க எழுதியிருக்க ஊரு இப்பம் அந்த நாட்டுலயே இல்லையாம்லா, ஜெர்மனிக்குப் போயி அங்கன இருந்து திருப்பி விட்டிருக்காங்க என்று மெதுவாகச் சொன்னார். மார்ச் மாதக் கடிதத்தை யாரோ ஓரத்தில் கிழித்துத் திரும்ப ஒட்டியிருந்தார்கள். அப்பாவுக்கு இனி மருந்தில்லை என்பதை நீ தெரிந்துகொள்ளும் முன்னால் முகம் தெரியாத யாரோ ஒருவன் தெரிந்துகொண்டான். அதைக் கையில் வைத்துக்கொண்டிருக்கவே பயமாக இருந்தது. நேற்று ஞாயிறு, தபாலாபீஸ் மூடியிருந்தது. இன்று காலை தந்தியைப் பீர் மைதீன்தான் உன் கடிதத்தைப் பார்த்து எழுத்தெழுத்தாக எழுதினார், இந்த உறையின் மேலும் அவர் கையெழுத்துத்தான். விலாசத்துக்கு நான் பேனாவைத் தொடவில்லை.

இதற்கு நடுவில்தான் போன வாரம் உன் கடிதம் வந்தது. இன்னும் இரண்டு வருஷம் அங்கே படிக்கிறேன் என்று எழுதியது அப்பாவுக்குப் பிடிக்கவில்லைபோல, அதனால்தான் யாரும் எழுதவில்லை, அப்படியென்றால் ஜூனில் ஊருக்கு வரவில்லை, சுரங்கத்தில் பயிற்சிக்குப் பெயர் கொடுத்துவிட்டேன் என்று. அதைப் படித்து நான் உன்னை என்னவெல்லாம் திட்டினேன் என்று சொன்னால் உனக்குத் தாங்காது. தகப்பன் சாகக் கிடக்கிறான் என்று மூன்று தடவை எழுதியும் ஒரு வார்த்தை கேட்காமல் சுரங்கம் என்கிறானே, இவனையா பெற்றேன் என்று நினைத்தேன். மன்னித்துக்கொள். அப்பா திட்டவில்லை. உன் கடிதம் வருகிற ஒவ்வொரு தடவையும் என்னயப் பத்திக் கேட்டிருக்கானா என்பார்கள். நான் பொய் சொல்லத் தெரியாமல் அடுப்படிக்குப் போய்விடுவேன். பிறகு கேட்பதையும் விட்டுவிட்டார்கள்.

இந்த மாதம் பேச்சு முழுக்கப் போய்விட்டது. கஞ்சித் தண்ணீர்தான் ஆகாரம், அதிலும் பாதி வெளியே வந்துவிடுகிறது, ஒரு கைக்குள் அடங்குகிற உடம்பாகிவிட்டார்கள். சுகிர்தம் அவளுடைய பழைய சிலேட்டைத் துடைத்துக் கையில் கொடுத்திருக்கிறாள், வேண்டியதை அதில் எழுதுவார்கள். உனக்கு இன்னொரு தடவை எழுதட்டுமா என்று நான் கேட்ட அன்று அவனை வரச் சொல்ல வேண்டாம் என்று எழுதினவர்கள், பத்து நாளாக அந்த வரியை மட்டும் அழிக்கவே விடவில்லை. முந்தாநாள் பீர் மைதீன் போனதும் மூன்று உறையையும் கொண்டுபோய்ப் படுக்கையில் வைத்து நான் செய்ததைச் சொன்னேன். முப்பது வருஷத்தில் அவர்கள் முன்னால் நான் தலைகுனிந்தது அன்றுதான். உறைகளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்கள். பிறகு வேட்டி நுனியால் சிலேட்டை அவர்களே துடைத்துவிட்டு, எப்பம் வருதான் என்று எழுதினார்கள்.

கப்பலோ விமானமோ, எது முந்துமோ அதில் வா. தூதரகத்தில் கேள், உங்கள் வாத்தியாரிடம் கேள், கூச்சப்படாதே. மலை மேல் இப்போதே மேகம் இறங்கி இறங்கிப் போகிறது, இந்த வருஷம் சாரல் முந்திவிடும் என்று எல்லாரும் சந்தோஷமாகப் பேசுகிறார்கள், நான் அந்தப் பேச்சு காதில் விழாமல் ஜன்னலைச் சாத்திவிடுகிறேன். வழியில் குளிருக்குக் கம்பளியை விட்டுவிடாதே, வெறும் வயிற்றோடு பிரயாணம் பண்ணாதே. உன் போக்கையும் வரத்தையும் கர்த்தர் காப்பாராக, உன் காலைக் கல்லில் இடறவிடாமல் கொண்டுவந்து சேர்ப்பாராக. சுகிர்தம் உனக்கு ஸ்தோத்திரம் சொல்லச் சொல்கிறாள். மறக்காமல் உடனே ஒரு தந்தி கொடு. வேறொன்றும் வேண்டாம், புறப்படுகிற தேதி மட்டும் போதும். இரண்டு நாளாக அந்தச் சிலேட்டை நெஞ்சின் மேலேயே வைத்துக்கொண்டு என் முகத்தைப் பார்க்கிறார்கள், அந்தக் கேள்விக்குக் கீழே நான் உன் தேதியை எழுத வேண்டும்.

இப்படிக்கு,
உன் வழி பார்த்திருக்கும் அம்மா,
ரெபேக்காள் அருமைநாயகம்