டெங்கிலில் பார்த்தது யார்

மே 4, திங்கள்

காலையிலேயே வெயில். மழை பெய்து ஒன்பது நாள். துணி மூன்று வாளி.

அண்ணன் புத்தகத்தின் புரூப் வந்துவிட்டது. 212 பக்கம். விண்மீன் கொத்துகள், புகைபோல் தெரியும் நெபுலாக்கள், கேலக்ஸிகள், அவற்றை முதலில் கண்டவர்கள். பதினொரு வருஷ உழைப்பு. 17ஆம் தேதி பிரிக்ஃபீல்ட்ஸில் வெளியீடு. அதற்குள் பிழை பார்க்கணும்.

பார்ப்பது நான்தான். அண்ணனுக்கு வலது கண் போய் இரண்டு வருஷம். சர்க்கரை. இடது கண்ணில் வெறும் புகை. வீட்டுக்கு வருகிறவர்களிடம், "எல்லாரும் நெபுலா ஆயிட்டீங்க" என்பார். சிரிப்பார்கள். முப்பது வருஷம் பிசிக்ஸ் வாத்தியார். பேச்சு மட்டும் குறையவில்லை.

செய்ய: இன்சுலின். கேஸ். புரூப் 1–60. அவர் வெள்ளைச் சட்டை.

மே 6, புதன்

எங்கள் பண்டமாரான் முழுக்கத் தூசி. துறைமுக லோரிகள் போனபடி. ஜன்னலைச் சாத்திவிட்டு அண்ணனுக்கு வாசித்துக் காட்டினேன். வேர்வை.

9ஆம் அத்தியாயம். ஜெர்மனியில் பிறந்து இங்கிலாந்து போன அண்ணன், தங்கை. அண்ணன் பெரிய தொலைநோக்கியில் பார்த்துச் சொல்லச் சொல்ல, தங்கை குறிப்பு எழுதினாள். அவருக்குப் பதினாலு பக்கம். அவளுக்கு ஒரே வரி: ‘தங்கை குறிப்பெழுதி உதவினார்.’

வாசிப்பதை நிறுத்தினேன்.

"அண்ணே, அந்தம்மா தனியா ஒரு சின்னத் தொலைநோக்கி வச்சுப் பார்த்தாங்கல்ல? கொத்து, கேலக்ஸி எல்லாம் சொந்தமா கண்டுபிடிச்சிருக்காங்க. உங்க இங்கிலீஷ் புக்லயே இருக்கு."

"தெரியும்லா மாலா. இடம் இல்ல. நீ அடுத்த பக்கம் போ."

போனேன்.

மதியம்: மீன் குழம்பு. உப்பு கூடிவிட்டது.

மே 9, சனி

மேகம் மட்டும். மழை இல்லை.

12ஆம் அத்தியாயம், ‘நான் கண்டவை’. 188ஆம் பக்கம், ஒமேகா செண்டாரி. பழைய கிரேக்கர் ஒற்றை நட்சத்திரம் என்று எழுதி வைத்தது. ஆயிரத்தைந்நூறு வருஷம் கழித்து, தெற்கே ஒரு தீவிலிருந்து பார்த்த ஆங்கிலேயர் மங்கலான புகை என்றது. உண்மையில் லட்சக்கணக்கான நட்சத்திரங்கள் ஒரே கொத்தாக.

அப்புறம் இது: ‘டெங்கிலில் ஒரு செம்பனைத் தோட்ட ஓரம். சலித்த மாவு நடுவில் குவிந்து ஓரத்தில் தூவினாற்போல் கிடந்தது. நான் கண்டேன்.’

அது நான்.

ஏழு வருஷம் முன்பு. அண்ணி இறந்து, நான் இங்கே வந்து தங்கிய முதல் வருஷம். அன்றைக்கு அண்ணனுக்கு நூற்றுமூன்று காய்ச்சல். திரும்பிப் போகலாம் என்றால் கேட்கவில்லை. காரில் படுத்துக்கொண்டு, தொலைநோக்கியை எந்தப் பக்கம் திருப்பணும் என்று கண்ணாடி வழியாகச் சொன்னார். நான் திருப்பினேன், நான் பார்த்தேன், பார்த்ததைச் சொன்னேன். மறுநாள் அவர் நோட்டில் எழுதினார்.

மாவு சலித்ததும் நான்தான். அண்ணன் ஆயுசில் சல்லடையைத் தொட்டதில்லை.

"ஏன் நிறுத்திட்ட?"

"தொண்டை."

தண்ணீர் குடித்துவிட்டு மீதியை வாசித்தேன். 189ல் ஒரு ஒற்றுப்பிழை.

மே 12, செவ்வாய்

கண் மருத்துவர். கூட்டம். இரண்டரை மணி நேரம் பெஞ்சில்.

டாக்டர் சின்ன வயசு, சீனப் பெண். மெதுவாகச் சொன்னாள். "அங்கிள், இடது கண்ணுக்கும் இனிமே ஆபரேஷன் பண்ணிப் பிரயோஜனம் இல்ல. வெளிச்சம், இருட்டு மட்டும் தெரியும். சாரி, அங்கிள்."

அண்ணன் "தேங்க்யூ டாக்டர்" என்றார். வெளியே வந்து கதவு இருக்கும் பக்கம் விட்டுச் சுவரில் மோதினார். என் கையைத் தட்டிவிட்டார். அப்புறம் அவரே பிடித்துக்கொண்டார்.

வீடு வந்ததும்: "புக் இருக்கு. பார்த்ததெல்லாம் அதுல இருக்கு. அது போதும்."

சாயங்காலம் அச்சகத்துக்குப் போன் போட்டேன். பிழைகள் நாற்பத்திரண்டு. 188ல் ஒன்றும் இல்லை என்று சொன்னேன்.

மே 17, ஞாயிறு

பிரிக்ஃபீல்ட்ஸ். மண்டபத்தில் அறுபது பேர் இருக்கலாம். சாப்பிட மீகூன் சேமியா, கேசரி. ஏர்கோன் ஒழுகியது.

அண்ணன் நன்றாகப் பேசினார். தாளே வேண்டாம். கடைசியில் ஒரு டீச்சர் எழுந்து, "சார், நீங்க பார்த்ததுல மறக்கவே முடியாதது எது?" என்று கேட்டாள்.

டெங்கில் என்றார். மாவு என்றார். புத்தகத்தில் இல்லாததும் வந்தது: கண்ணில் நீர் வந்ததாம், துடைத்துவிட்டு மறுபடி பார்த்தாராம். கைதட்டல். முன்வரிசையில் ஒரு ஆள் கண்ணைத் துடைத்தார்.

சாப்பாட்டு மேஜையில் யாரோ ஒரு அம்மா: "அக்கா, நீங்கதான் சாருக்குச் சமையல் எல்லாமாமே. புண்ணியம்."

ஆமாம் என்றேன்.

மே 18, திங்கள்

கேட்டேவிட்டேன். காலை டீக்கு முன்னாடியே.

"டெங்கில் அன்னிக்கு உங்களுக்குக் காய்ச்சல். கார்ல படுத்திருந்தீங்க. பார்த்தது நான், அண்ணே."

"என்ன உளர்ற? எனக்கு இப்பவும் கண்ணுக்குள்ள நிக்குது."

பொய் சொல்லுகிற முகம் இல்லை. அதுதான் பயம். நான் சொன்னதை எழுதி, எழுதினதை வகுப்பு வகுப்பாகச் சொல்லி, அவருக்கே அது பார்த்ததாக ஆகிவிட்டது.

சண்டை போடத் தயாராகத்தான் போனேன். முடியவில்லை. "சரி விடுங்க" என்று வந்துவிட்டேன்.

பாத்திரம் கழுவும்போது ஒரு கிளாஸ் உடைந்தது.

மே 20, புதன்

இன்னும் மழை இல்லை. அண்ணன் இரண்டு நாளாகச் சரியாகச் சாப்பிடவில்லை. இன்சுலினைக் குறைக்கணுமா, கேட்க வேண்டும்.

மத்தியானம் ஹாலில் இருந்து கூப்பிட்டார்.

"மாலா. கார் சீட்டு பிளாஸ்டிக் வாசம். கன்னத்துல ஒட்டிக்கிச்சு. நீ வெளிய நின்னு கத்திச் சொன்ன." கன்னத்தைத் தடவினார். "அப்ப நான் பார்க்கல."

நான் ஜெயித்த மாதிரி இருக்கணும். இல்லை. அவர் முகம் எதையோ பறிகொடுத்த சின்னப் பிள்ளை முகம் போல இருந்தது.

"நீங்கதானே திசை சொன்னீங்க, அண்ணே."

"அது பார்க்கிறதாகுமா?"

மே 22, வெள்ளி

திருத்தச் சீட்டு. அண்ணன் சொல்லச் சொல்ல நான் எழுதினேன், வழக்கம்போல. ‘பக்கம் 188: நான் கண்டேன் என்பதை என் தங்கை மாலா கண்டார் என்று படிக்கவும்.’ 9ஆம் அத்தியாயத் தங்கைக்கும் மூன்று வரி. வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. சொல்லியிருக்கணுமோ.

விற்காத புத்தகம் ஐந்து பெட்டி. சாயங்காலம் வரை ஒட்டினேன். விரல் எல்லாம் பசை.

அவர் பக்கத்தில் உட்கார்ந்து ஒவ்வொரு புத்தகமாக எடுத்துக் கொடுத்தார். திடீரென்று:

"இப்ப சொல்லு. புக்ல இல்லாததைச் சொல்லு. நிஜமா எப்படி இருந்துச்சு?"

யோசித்தேன். கொசு ஞாபகம் வந்தது. அவர் உள்ளே இருந்து "தெரியுதா, தெரியுதா" என்று கேட்டது. எனக்குப் பயம், இவருக்கு ஏதாவது ஆகிவிட்டால் யாரைக் கூப்பிடுவது என்று. கார் சாவி கையில்.

பார்த்தது மட்டும் ஞாபகம் வரவில்லை; வந்ததெல்லாம் புத்தகத்தில் உள்ள அந்த மாவுதான்.

"சொல்லு, மாலா" என்றார்.