“எங்க வீட்டுச் சாயல்” என்றார்கள், அம்மா

ஆஸ்பத்திரி மருந்து வாசனையோடு வீட்டுக்கு வந்து, குளித்த பிறகுதான் என்னைத் தொடுவேன் என்று அடம்பிடித்த என் அம்மாவுக்கு,

எனக்குப் பயமாக இருக்கிறது. அதைச் சொல்லத்தான் எழுதுகிறேன். நீ போய் மூன்று வருஷம் ஆகிவிட்டது. அழுகை வந்தது, கோபம் வந்தது, இந்த மாதிரிப் பயம் வந்ததில்லை. உன்னிடம் தவிர வேறு யாரிடமும் சொல்ல முடியாத பயம் இது.

முதலில் நல்ல செய்தி. எனக்குக் கல்யாணம் பேசியிருக்கிறார்கள். பையன் பேர் சுரேஷ். கட்கியில் வீடு, பிம்ப்ரியில் வேலை. நம்மைப் போலவே தாத்தா காலத்தில் ஆம்பூர்ப் பக்கத்திலிருந்து புனேவுக்கு வந்த குடும்பம். அவன் பேசுகிற தமிழில் பாதி இந்தி, மீதியில் பாதி மராத்தி. நீ இருந்திருந்தால் அவன் தெருமுனை தாண்டுவதற்குள் அவனைப் போலவே பேசிக் காட்டியிருப்பாய். எனக்குத் தமிழ் எழுதவும் வரும் என்று அப்பா சொன்னபோது அவன் அம்மாவுக்கு அப்படி ஒரு சந்தோஷம். வானவடியில் நம் சந்துப் பிள்ளைகளெல்லாம் இந்தியில் கத்தி விளையாட, என்னை மட்டும் உட்கார வைத்து அ, ஆ எழுதவைத்தாயே, அதற்கு அன்றைக்குத்தான் பலன் கிடைத்தது என்று நினைத்தேன்.

கிளம்பும்போது அந்த அம்மாள் என் மோவாயைப் பிடித்து, முகத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். “சிரிச்சா எங்க மூத்தவ சாயல் அப்படியே இருக்குது பாரேன். எங்க வீட்டுப் பொண்ணுன்னா யாரும் நம்பிடுவாங்க” என்றார். எல்லோரும் சிரித்தார்கள். அப்பாவும் சிரித்தார். என் கையிலிருந்த வெற்றிலைத் தட்டு ஆடியது.

ஏன் ஆடியது என்று முதலிலிருந்து சொல்கிறேன். பாதி உனக்கே தெரியும்.

நான் பத்தாவது படித்தபோது பிம்ப்ரியில் ஒரு கல்யாணம். நம் சந்தில் ரிக்‌ஷா ஓட்டிய துரை மாமா நன்றாகக் குடித்துவிட்டுப் பந்தியில் என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். என் தலையைத் தடவி, “துண்டுல சுத்தி இத்தினூண்டு இருந்த. என் ரிக்‌ஷாவுலதான் உங்கம்மா உன்ன எடுத்தாந்தா. பெத்தவகூட அப்படி புடிச்சிருக்க மாட்டா” என்றார். வீட்டுக்கு வந்து உன்னைக் கேட்டேன். குடித்தவன் பேச்சு, நீ என் வயிற்றில் பிறந்தவள் என்று சொல்லிவிட்டு எனக்குத் தலை வாரினாய். வலிக்க வலிக்க இழுத்து வாரினாய். அதற்குப் பிறகு துரை மாமா நம் வீட்டு வாசலை மிதிக்கவே இல்லை. நீ சொன்னதை நான் நம்பினேன். நம்பத்தான் ஆசைப்பட்டேன்.

அப்புறம் காலேஜில் ஒரு வருஷம் கிரேக்கப் புராணக் கதைகள் பாடமாக வந்தன. அதில் ஒரு ராஜாவின் கதை. இவன் வளர்ந்து அப்பாவைக் கொல்வான், பெற்ற அம்மாவையே கட்டுவான் என்று குறி சொல்லிவிடுகிறார்கள். கணுக்காலைத் துளைத்துக் கட்டி, மலையில் போட்டுவிட்டு வா என்று ஒரு இடையனிடம் குழந்தையைக் கொடுக்கிறார்கள். அவன் மனசு கேட்காமல் வேறொருவன் கையில் கொடுக்க, குழந்தையில்லாத இன்னொரு ராஜா வீட்டுக்கு அது போய்ச் சேர்கிறது. அங்கே ராஜகுமாரனாக வளர்கிறான். ஒருநாள் விருந்தில் ஒரு குடிகாரன் அவனைப் பார்த்து, நீ உன் அப்பாவுக்குப் பிறந்தவன் இல்லை என்கிறான்.

கிரேக்கக் குடிகாரன் துரை மாமாவின் காக்கிச் சட்டையில்தான் என் கண்ணில் நின்றான்.

அவனும் வீட்டுக்கு ஓடிப் போய்க் கேட்கிறான். வளர்த்தவர்கள், நீ எங்கள் பிள்ளைதான் என்கிறார்கள். மனசு ஆறாமல் குறி கேட்கப் போகிறான், அதே குறியைக் கேட்கிறான். வளர்த்தவர்களையே பெற்றவர்கள் என்று நம்பி, அவர்களுக்குத் தன்னால் கெடுதல் வரக்கூடாதென்று வீட்டைவிட்டு ஓடுகிறான். ஓடிய வழியில்தான் சொந்த அப்பாவைக் கொல்கிறான். போய்ச் சேர்ந்த ஊரில்தான் சொந்த அம்மாவைக் கட்டுகிறான். அந்த ஊரை மிரட்டிய பூதம் போட்ட விடுகதைக்கு, ‘மனுஷன்’ என்ற பதில் அவன் ஒருவனுக்குத்தான் தெரிந்திருந்தது. தான் யார் என்பது மட்டும் தெரியவில்லை.

யார் மேல் தப்பு என்று சார் கேட்டார். விதி என்றார்கள், கோபம் என்றார்கள், தெய்வம் என்றார்கள். அந்த வளர்த்த அம்மாவைப் பற்றி யாரும் பேசவில்லை. எனக்கோ அவள் மேல்தான் கோபம்.

இப்போது புரிகிறதா, அம்மா, ஏன் தட்டு ஆடியது என்று? நீ ஆயாவாக இருந்த ஆஸ்பத்திரிக்குக் கட்கியிலிருந்தும்தானே பிரசவத்துக்கு வருவார்கள்? அந்த வீட்டில் யாருக்கோ பிறந்து, யாருக்கும் தெரியாமல் போன குழந்தை நானாக இருந்தால்? சுரேஷின் போட்டோவைக் கண்ணாடிக்குப் பக்கத்தில் வைத்து மூக்கைப் பார்த்தேன், காதைப் பார்த்தேன். அவனுக்கும் எனக்கும் புருவம் ஒரே மாதிரி வளைகிறது. எத்தனையோ பேருக்கு அப்படித்தான் வளையும் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். அப்பாவிடம் கேட்டால், எழுந்து போய் டிவி சத்தத்தைக் கூட்டினார்.

துரை மாமாவைத் தேடிப் போனேன். குடியை விட்டுவிட்டார், ஆள் பாதியாகிவிட்டார். அந்தக் கதையிலும் கடைசியில் குழந்தையைச் சுமந்த இடையனைத்தான் கூப்பிட்டுக் கேட்பார்கள். என்னைக் கேட்காதீர்கள் என்று அவன் கெஞ்சுவான். துரை மாமாவும் கெஞ்சினார்.

“இன்னாத்துக்கும்மா இப்ப? கல்யாணம் வெச்சிருக்கற நேரத்துல.”

கல்யாணத்துக்காகத்தான் கேட்கிறேன் என்று சொல்லி, என் பயத்தை உடைத்துச் சொன்னேன். அவர் தலையில் கைவைத்துக்கொண்டு படியில் உட்கார்ந்துவிட்டார்.

“அய்யோ, அப்படியெல்லாம் நெனச்சியா? அது நம்ம ஜனமே இல்லம்மா. மராட்டிப் பொண்ணு. கரும்பு வெட்ட வந்த கூட்டம்.”

மெதுவாக எல்லாம் சொன்னார். பிரசவம் முடிந்து அவள் பிழைக்கவில்லையாம். புருஷன் வந்து பார்த்தானாம், வீட்டில் ஏற்கெனவே பெண்கள் இருக்கிறார்கள் என்றானாம், கூட்டத்தோடு போய்விட்டானாம். பெரிய டாக்டரே முன்நின்று, முறைப்படிதான் என்னை உன்னிடம் கொடுத்தாராம். ரிக்‌ஷாவில் வரும்போது உன் முந்தானையில் இரண்டு பச்சை வளையல் முடிந்திருந்ததாம். பிரசவ அறைக்குள் போகுமுன் அவள் கழற்றிக் கொடுத்ததாம், வெளியே வந்து வாங்கிக்கொள்கிறேன் என்று.

என் மனசைத் தேற்றத்தான் இதைச் சொல்கிறாரோ என்ற சந்தேகம் அந்த வளையலில் போய்விட்டது. உன் பவுடர் டப்பாவுக்குள் இரண்டு பச்சை வளையல் இருப்பது, அன்றைக்குப் பார்த்திராவிட்டால் அவருக்குத் தெரிய வழியில்லை. நான் சின்ன வயதில் எடுத்து மாட்டியபோது நீ பிடுங்கி வைத்தாய். நீ என்னை அடித்தது அந்த ஒரு தடவைதான்.

திரும்பி வரும்போது பஸ்ஸில் சிரிப்பே வந்தது. சுரேஷ் எனக்கு யாரும் இல்லை! இரண்டு ஸ்டாப் தாண்டுவதற்குள் அடுத்த பயம் வந்து உட்கார்ந்துகொண்டது. அப்படியானால் நான் யார்? பக்கத்தில் ஒரு மராத்திக்கார அம்மாள் கொஞ்சம் நகர்ந்து உட்காரச் சொன்னார். அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். இவர் என் பெரியம்மாவாக இருக்கலாம். கண்டக்டர் என் அண்ணனாக இருக்கலாம். பிறந்ததிலிருந்து பார்த்த ஊர், ஒரே மத்தியானத்தில் எனக்குத் தெரியாத சொந்தக்காரர்களால் நிறைந்துவிட்டது.

வீட்டுக்கு வந்து டப்பாவைத் திறந்தேன். அப்பா பார்த்துவிட்டார். இந்தத் தடவை டிவி பக்கம் போகவில்லை.

“அவ பயந்துட்டாம்மா” என்றார். “தெரிஞ்சா நீ அவங்கள தேடிப் போயிடுவேன்னு. தமிழ் எழுதப் படிக்கக் கத்துக்கிட்டா போவ மாட்டான்னு சொல்லிக்கிட்டே இருப்பா.”

அம்மா, அதற்காகவா? அவ்வளவு பயத்தோடா என் கையைப் பிடித்து ஸ்லேட்டில் இழுத்தாய்? அந்தக் கிரேக்கக் கதையில் வளர்த்த ராணியும் உன்னைப் போலத்தான் நடுங்கிக்கொண்டு பொய் சொல்லியிருப்பாள். அவள் மேல் இருந்த கோபம் எனக்குப் போய்விட்டது. ஆனால் அவள் பொய்தான் அவனை வழியில் இறக்கிவிட்டது, அதுவும் உண்மை.

நாளை சுரேஷும் அவன் அம்மாவும் புடவை எடுக்கக் கூப்பிட்டிருக்கிறார்கள். கல்யாணம் முடியட்டும், அப்புறம் பார்த்துக்கொள்ளலாம் என்கிறார் அப்பா. எனக்கும் அந்த ஆசை இருக்கிறது. சொன்னால் அந்த அம்மாள் என் மோவாயிலிருந்து கையை எடுத்துவிடுவாரோ? சாதி என்ன, சனம் என்ன என்று எழுந்து போய்விடுவார்களோ? சுரேஷ் தலையைக் குனிந்துகொள்வானோ? ஆனால் பந்தியில் இன்னொரு குடிகாரன் என் பிள்ளைக்குப் பக்கத்தில் வந்து உட்காருவான், அம்மா. அன்றைக்கு அது என்னிடம் ஓடி வந்து கேட்கும். நான் தலை வாரிவிட்டுக்கொண்டிருக்க மாட்டேன்.

அதனால் நாளைக்குச் சொல்லிவிடுவேன். இது உனக்குக் கொடுக்கிற வாக்கு. அந்த வளையல்களை இப்போதே போட்டுக்கொண்டேன். சின்ன வளையல், சோப்புப் போட்டுத்தான் ஏற்ற முடிந்தது. கழற்றினால் உடைந்துவிடும். இதை எழுதும்போது காகிதத்தில் உரசிக்கொண்டே வருகிறது.

எங்கும் போகாத உன் மகள்,
மல்லிகா