உயிலில் நடுங்கிய கையெழுத்து

ஜோகுபாளையம், பெங்களூர்
12-8-1997

அன்பு மகள் உஷாவுக்கு, அம்மா எழுதுவது. இங்கே நான் சுகம், மழைக்கு முழங்கால் வலி மட்டும் எட்டிப் பார்க்கிறது. மஸ்கட் வெயிலில் நீ நலமாக இருக்க வேண்டும், டியூட்டி முடிந்து வந்து சாப்பிடாமல் படுக்காதே.

கேஸ் விஷயம் கேட்டிருந்தாய். அப்பா இந்த வீட்டை எனக்கு எழுதிவைத்த உயிலில் இருப்பது அவர் கையெழுத்தே இல்லை, நான் போட்டது என்கிறான் அல்லவா உன் அண்ணன் கவியரசன், போன வாரம் கையெழுத்து நிபுணர் வந்து சாட்சி சொன்னார். புனேயில் அண்ணனுக்கு வந்த அப்பாவின் கடிதங்களையும் உயிலையும் பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தாராம், இரண்டும் ஒரே ஆள் கை இல்லை என்றார். அப்பாவுக்குக் கை நடுங்கியது, கண்ணால் பார்த்தேன் என்று பக்கத்து வீட்டு பெர்னார்ட் சொன்னதற்கு, உயில் எழுதிய அதே மாசத்துக் கடிதம் இவ்வளவு நேராக இருக்கிறதே என்று அண்ணன் பக்கத்து வக்கீல் மடக்கிவிட்டார். நிபுணர் மேல் தப்பில்லை உஷா. உயிலில் இருப்பது அப்பாவின் கை, கடிதங்கள்தான் என் கை.

பதறாதே, முழுதும் படி. கடைசி இரண்டு வருஷம் அவரால் தம்ளர்கூடப் பிடிக்க முடியவில்லை. "பசங்களுக்குத் தெரிய வேணாம் ரமா, வேலைய விட்டுட்டு ஓடியாந்துடுவாங்க" என்றார். அவர் சொல்லச் சொல்ல, அவர் எழுத்து மாதிரியே நான் எழுதினேன், உனக்கு வந்ததும் அப்படித்தான். அண்ணன் பொங்கலுக்கு வந்தபோதுகூட சால்வைக்குள் கையை வைத்துக்கொண்டே பேசி அனுப்பிவிட்டார். அந்த நடுக்கத்தைப் பார்த்திருந்தால் அவன் கேஸ் போட்டிருப்பானா, அவனிடம் நீ சண்டைக்குப் போகாதே. கோர்ட்டில் அந்தக் கடிதங்களைக் கட்டாக எடுத்து வைத்தார்கள், ஒன்றுகூடத் தொலைக்காமல் வைத்திருக்கிறான்.

வக்கீல் அனந்தபத்மநாபன் சாரிடம் சொன்னேன், தலையில் கை வைத்துக்கொண்டார். "கடிதத்த எழுதினவங்க உயிலையும் எழுதியிருப்பீங்கன்னு கேப்பாங்கம்மா, வீடே போயிடும்" என்றார். இந்த வீட்டை விட்டால் எனக்குப் போக்கிடம் ஏது, பயமாகத்தான் இருக்கிறது. ஆனாலும் கூண்டில் ஏறி உள்ளதைச் சொல்லப் போகிறேன். போன வருஷம் உன் பிறந்தநாளுக்கு வந்த கடிதத்தில் கையெழுத்து கோணலாக இருக்கிறதே, அப்பா பஸ்ஸில் உட்கார்ந்து போட்டாரா என்று கேலி செய்திருந்தாய். அது ஒன்றுதான் "இதுல நானே போடறேன்" என்று அடம்பிடித்து அவர் போட்டது. உயிலோடு ஒப்பிட்டுப் பார்க்க ஜெராக்ஸ் செல்லாதாம், அசலையே தபால் முத்திரை விழுந்த கவரோடு ரிஜிஸ்டர் தபாலில் அனுப்பு, வாய்தா செப்டம்பர் பதினைந்து.

அப்பா எழுதவில்லையே என்று அழாதே, வார்த்தை எல்லாம் அவருடையதுதான். அண்ணனுக்கும் எழுத உட்கார்ந்தேன், அவன் பொத்திப் பொத்தி வைத்ததை என் எழுத்து என்று சொல்ல இரண்டு தாள் கிழித்தாயிற்று. நாளைக்கு எப்படியும் எழுதிவிடுவேன், கோர்ட்டில் கேட்பதற்கு முன் என்னிடமிருந்து தெரியட்டும்.

நீங்கள் இரண்டு பேரும் ஒற்றுமையாக, நீண்ட ஆயுளோடு இருக்க வேண்டும். அசலை மறக்காதே. எழுத்து தாறுமாறாக இருந்தால் பொறுத்துக்கொள், என் சொந்தக் கையில் எழுதி ரொம்ப நாளாகிவிட்டது.

இப்படிக்கு,
உன் அம்மா ரமா