நீலக் கம்பளி கட்டிய பாட்டில்

கிப்தாலம், இன்று காலை நம் மொழி வானொலியில் நாட்டு அணிக்குத் தேர்வானவர்களின் பெயரை வாசித்தார்கள்டா, முதல் பெயரே உன் பெயர், நம் ஊர் கப்சோயோ முழுக்கக் கேட்டது, நவோமி தன் டீக்கடையில் சத்தத்தைக் கூட்டி வைத்து அடுத்த செய்தியில் மறுபடி சொல்லும்வரை ஒருத்தரையும் எழுந்திருக்க விடவில்லை!

நீ கால் நோவில்லாமல், மூச்சு முட்டாமல், வேளைக்குச் சாப்பிட்டு இருக்கிறாய் என்று நம்புகிறேன். இங்கே மாடுகள் நன்றாக இருக்கின்றன, மழை சொன்ன நேரத்துக்கு வந்துவிட்டது, சோளம் முழங்கால் உயரம் நிற்கிறது, உன் அப்பாவுக்கு முதுகுவலி கொஞ்சம் தேவலை. நானும் நலம் என்று எழுதத்தான் பேனாவை எடுத்தேன், அது மட்டும் எழுத வரவில்லை. போனில் தட்டாமல் இவள் ஏன் பேப்பரில் கிறுக்குகிறாள் என்று யோசிப்பாய். நீ ஓடுகிற நாளெல்லாம் குடும்பக் குழுவில் நெருப்புப் படமாகப் போட்டு உங்கள் போனையெல்லாம் சூடாக்குகிறவள் நான், ஓட்ட முடிவுகளைப் பார்த்தே எழுத்துக்கூட்டிப் படிக்கக் கற்றுக்கொண்டவள், எனக்குப் பேனா பிடித்தால் விரல் மரத்துப்போகிறது. ஆனால் என் போன் பாதி நேரம் உன் அக்கா செரொப் கையில்தான் இருக்கிறது. அவள் இதைப் படிக்கக் கூடாது. அதனால்தான் நீ இப்போது தங்கியிருக்கிற தலைநகர் முகாமுக்குப் பயிற்சிக்கு வருகிற பிவோட்டிடம் ஒட்டிக் கொடுத்து அனுப்புகிறேன். நான் பேசினால்தான் நீ சிக்னல் இல்லை என்று வைத்துவிடுகிறாயே. பேப்பருக்குச் சிக்னல் வேண்டாம்.

அந்த மாரத்தான் ஓட்டத்தை நாங்கள் எப்படிப் பார்த்தோம் என்று உனக்கு யாரும் சொல்லியிருக்க மாட்டார்கள், நான் சொல்கிறேன். நவோமி கடையில் டிவி முன்னால் ஊரே உட்கார்ந்திருந்தது, நான் காலையிலேயே எல்லோருக்கும் செய்தி அனுப்பிக் கூட்டியிருந்தேன், இன்றைக்கு நம் மாப்பிள்ளை கிமாரு ஜெயிக்கிற நாள், அவனுக்கு வேகம் பிடித்துக் கொடுக்க முன்னால் முயலாக ஓடுவது என் மகன், வராதவர்கள் பிறகு என்னிடம் கதை கேட்கக் கூடாது என்று. உன் அக்கா மடியில் கையை இறுக்கிக்கொண்டு முன்வரிசையில். உன் அப்பாகூட ஆட்டைக் கட்டிவிட்டு வந்து வாசலில் நின்றார். திரையில் நீ முன்னால், உன் முதுகுக்குப் பின்னால் நிழல் மாதிரி கிமாரு, அவனுக்குப் பின்னால் மற்றவர்கள். நீ அவ்வளவு அழகாக வேகம் பிடித்துக் கொடுத்தாயடா, கடிகாரத்தை விழுங்கியவன் மாதிரி. நான் பக்கத்தில் இருந்தவர்கள் முதுகிலெல்லாம் அடித்து அடித்துக் காட்டினேன்.

முயல்கள் நிற்க வேண்டிய முப்பதாவது கிலோமீட்டர் பலகை வந்தது. மற்ற இரண்டு முயல்களும் கையைத் தூக்கிவிட்டு ஓரமாக ஒதுங்கி இடுப்பில் கைவைத்து நின்றுவிட்டன. நீ நிற்கவில்லை. கடையே சிரித்தது. நவோமி, "ஏன்டி ஜெமேலி, ஒம் மகன் வண்டிக்கு பிரேக்கு போச்சா? யாராச்சும் கல்ல வச்சு நிறுத்துங்கப்பா" என்று கத்தினாள். நானும்தான் சிரித்தேன். முயல் நிற்க மறந்துவிட்டது என்று குழுவில் எழுதி, அழுதுகொண்டே சிரிக்கிற முகத்தை வரிசையாகப் போட்டேன். கிமாரு உன்னைத் துரத்தவில்லை, அதைத் திரையிலேயே பார்க்கலாம். அவன் தோளைத் தளர்த்திக்கொண்டு, பின்னால் வருகிறவர்களைத் திரும்பிப் பார்த்துக்கொண்டு, தன் பாட்டுக்கு ஓடினான். அடுத்த திருப்பத்தில் நீ ஒதுங்குவாய் என்று நினைத்தான். அந்தத் திருப்பமும் போனது. பாலம் வரும்போது ஒதுங்குவாய் என்று நினைத்தான். பாலமும் போனது. வேறு எவன் முன்னால் போயிருந்தாலும் அவன் அந்த நிமிடமே பாய்ந்திருப்பான். முன்னால் போனது மைத்துனன், அதனால் விட்டான். அவன் பாய்ந்தபோது இடைவெளி ஒரு தெரு நீளம் ஆகிவிட்டது. அப்போதுதான் கடையில் சிரிப்பு நின்றது. செரொப் எழுந்து சால்வையைத் தலையில் போட்டுக்கொண்டு வெளியே போனாள். அதற்கப்புறம் அவள் ஒன்றையும் பார்க்கவில்லை, இன்றுவரை அந்த ஓட்டத்தை யார் போனில் போட்டாலும் முகத்தைத் திருப்பிக்கொள்கிறாள்.

நீ கோட்டைத் தாண்டினாய். என் தொண்டை என்னைக் கேட்காமல் கத்தியது, பெற்ற வயிறு. ஆனால் கத்தியது நான் ஒருத்திதான் என்று கொஞ்ச நேரம் கழித்துத்தான் கேட்டது.

கிமாரு யார் என்று உனக்கு நான் எழுத வேண்டுமா? எழுதத்தான் வேண்டும் போலிருக்கிறது. மாப்பிள்ளைக்கும் எனக்கும் நாலைந்து வயசுதான் வித்தியாசம், அவன் என்னை அத்தை என்று கூப்பிடும்போதெல்லாம் நவோமி வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்பாள். அவன் வாலிபம் முழுக்க முயலாகவே ஓடித் தீர்த்தான். எத்தனை பேரைத் தன் முதுகுக்குப் பின்னால் காற்றுப் படாமல் கூட்டிக்கொண்டு போய்க் கோட்டுக்குக் கிட்டே விட்டிருக்கிறான். ஒருமுறை அவனுக்குக் கால் பறந்தது, முன்னால் யாருமில்லை, பின்னால் வந்தவர்களுக்கு மூச்சு வாங்கியது, அன்றைக்கும் சொன்ன இடத்தில் நின்று கைதட்டினான். ஏன் மாப்பிள்ளை நின்றீங்க என்று நான் கோபமாகக் கேட்டதற்கு, "பேசினது அவ்ளோதானே அத்தை, அதுக்கு மேல ஓடினா அது என் ஓட்டம் இல்ல" என்றான். உன்னை முதலில் இட்டென் பயிற்சி முகாமுக்குக் கைபிடித்துக் கூட்டிப்போனது அவன். உனக்கு முதல் ஓட்ட ஷூ அவன் காலிலிருந்து கழற்றிக் கொடுத்தது, முன்னால் பஞ்சு வைத்து அடைத்துக்கொண்டு ஓடினாய். இந்த ஒரு ஓட்டத்துக்குத்தான் முதல்முதலாக அவனை முயலாக இல்லாமல் ஜெயிக்க வருகிறவனாகக் கூப்பிட்டார்கள். நம் ஆட்களில் முதலில் வருகிறவனுக்கு நாட்டு அணியில் இடம் என்று சொல்லியிருந்தார்கள். இந்த வயசுக்கு மேல் இன்னொரு ஓட்டம் அவனுக்கு வராது. முயலாக ஓட நல்ல நல்ல ஆட்கள் கேட்டு வந்தார்கள், எல்லோரையும் விட்டுவிட்டு, "எனக்கு முன்னாடி ஓடுற முதுகு வீட்டு ஆளோடதா இருக்கணும்" என்று உன்னைக் கேட்டு வாங்கினான்.

நீ ஜெயித்ததும் டிவியில் என்ன சொன்னாய்? கால் நன்றாக இருந்தது, திடீரென்று தோன்றியது, நிற்க மனசு வரவில்லை என்றாய். ஊர் அதை நம்பியது. இளரத்தம், பிய்த்துக்கொண்டு போய்விட்டது என்றார்கள். கிமாருவே திரும்பி வந்து அதைத்தான் சொன்னான். அவனைப் பார்க்க வந்து உன்னைத் திட்டினவர்களிடமெல்லாம், "விடுங்கப்பா, கால் ஓடும்போது மண்டை எங்க கேக்குது, சட்டப்படி முயலும் ஓடி முடிக்கலாம்ல" என்று உனக்காக வாதாடினான். நானும் நம்பினேன். நம்பிக்கொண்டே அந்த ஓட்டத்தைப் போனில் திரும்பத் திரும்பப் போட்டுப் பார்த்தேன். உனக்குத் தெரியுமே, நான் ஒரு ஓட்டத்தை ஒரு தடவை பார்க்கிறவள் இல்லை. யார் எங்கே மூச்சு வாங்கினான், யார் எந்தக் கையால் முகம் துடைத்தான் என்று நிறுத்தி நிறுத்திப் பார்ப்பேன்.

முப்பத்தைந்தாவது கிலோமீட்டரில் நிறுத்தினேன். அங்கே மேசைமேல் பாட்டில்கள் வரிசையாக நிற்கின்றன. ஓட்டக்காரர்கள் முந்தின நாளே தங்கள் பாட்டிலில் அடையாளம் கட்டிக் கொடுத்து, எந்த மேசையில் வைக்க வேண்டும் என்று சொல்லிவிடுவார்கள் என்பது இந்த ஊரில் மாடு மேய்க்கிறவனுக்கும் தெரியும். முப்பதில் நிற்கிற முயலுக்கு முப்பத்தைந்தில் பாட்டில் எதற்கு? ஆனால் நீ தேடவே இல்லை. நேராகக் கையை நீட்டி எடுத்தாய். பாட்டில் கழுத்தில் நீலக் கம்பளி.

படத்தைப் பெரிதாக்கிப் பார்த்தேன். நம் வீட்டுக் கம்பளிதான். உன் அக்கா தன் புருஷன் பாட்டிலுக்குச் சிவப்புக் கம்பளியில் பட்டை பின்னுவாள், ஆரம்பத்திலிருந்தே. ஓட்டத்துக்குக் கொஞ்ச நாள் முன்னால் நீ அவளுக்குச் செய்தி அனுப்பினாய், எனக்கும் பின்னிக் கொடு அக்கா, பயிற்சியில் என் பாட்டில் மாறிப்போகிறது என்று. அவள் உன் பழைய பள்ளிக்கூட ஸ்வெட்டரைப் பிரித்து, அடுப்படியில் உட்கார்ந்து, "பொடியனுக்கு இப்பத்தான் அக்கா ஞாபகம் வருது பாரும்மா" என்று சந்தோஷமாகப் பின்னினாள். அத்தானிடமே கொடுத்துவிட்டாள். அவன் அதைத் தன் பையில் வைத்துக் கடல் தாண்டிக் கொண்டுவந்து உன் கையில் கொடுத்தான். அதைக் கட்டித்தான் அந்தப் பாட்டிலை அந்த மேசைக்கு அனுப்பியிருக்கிறாய்.

திடீரென்று தோன்றியது என்றாயே தாலம். முந்தின நாளே தோன்றிவிட்டதா? பின்னித் தரச் சொல்லிக் கேட்டபோதே தோன்றிவிட்டதா? நீ வேகமாக ஓடினதற்கு நான் எப்படிக் கோபப்படுவேன், உன்னைவிட உன் ஓட்டத்தை அதிகம் கொண்டாடியவள் நான். ஜெயிக்க ஆசை இருந்திருந்தால், அத்தான், நானும் ஓடி முடிக்கப் போகிறேன் என்று முன்னால் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். அவன் உன்னை முதல் அடியிலிருந்து போட்டிக்காரனாகப் பார்த்து ஓடியிருப்பான். உன்னைத் துரத்தாதவனை நீ ஜெயித்திருக்கிறாய். அதையும் உன் அக்கா கையால் பின்னின கம்பளியைப் பிடித்துக்கொண்டு. அன்றிலிருந்து எனக்கு உகாலிக் களி இறங்கவில்லை, போனில் முன்பக்கம் இருந்த உன் படத்தை எடுத்துவிட்டுக் கன்றுக்குட்டி படத்தை வைத்திருக்கிறேன். அது என்னை ஏமாற்றாது.

இது என்னோடு போகட்டும் என்றுதான் இருந்தேன். நேற்றுக் கிமாரு வந்தான். நீ அடுத்த வாரம் எல்டொரெட் விமான நிலையத்தில் இறங்குகிறாயாம், ஜெயித்தவனுக்குப் போடுகிற சினெண்டெட் கொடி வெட்டி மாலை கட்ட ஆள் சொல்லிவிட்டானாம், இட்டென் முகாமே வண்டி பிடித்து வருகிறதாம், சுரைக்குடுக்கையைப் பிடித்து உனக்குப் புளித்த முர்சிக் பால் ஊட்ட நான் முன்னால் நிற்க வேண்டுமாம். எனக்கு உடம்பு முடியவில்லை மாப்பிள்ளை என்றேன். அவன் என் முகத்தையே பார்த்தான். பிறகு வாசலை ஒருதடவை திரும்பிப் பார்த்துவிட்டு மெதுவாகச் சொன்னான், "அத்தை, நீங்களும் பாத்துட்டீங்களா? அவன் குடிச்சுட்டு வீசின பாட்டில் ரோட்டு நடுவுல உருண்டு கெடந்துச்சு. நீலக் கம்பளி. அதத் தாண்டிக் குதிச்சுத்தான் ஓடினேன். செரொப்புக்கு மட்டும் தெரிய வேணாம், அவ தம்பிய அவகிட்ட இருந்து நான் பிடுங்கின மாதிரி ஆயிரும்."

புரிகிறதா? எல்லாம் தெரிந்துதான் அவன் உனக்காக ஊர் முழுக்க வாதாடியிருக்கிறான். மறுபடியும் தானே ஓரமாக ஒதுங்கி நின்று கைதட்டுகிறான். செரொப்போ, தம்பிக்குப் பிடிக்குமே என்று பெரிய குடுக்கையை எடுத்து, மரக்கரி போட்டுத் தேய்த்து, பால் ஊற்றி மூடி வைத்திருக்கிறாள். அவன்மேல் எனக்குக் கோபம் இல்லைம்மா, கால் செய்த தப்புக்கு அவன் என்ன செய்வான் என்கிறாள். நான் அவள் முகத்தைப் பார்க்காமல் சட்டியைக் கழுவிக்கொண்டிருக்கிறேன்.

இந்த முறை அவனை ஒதுங்க விடமாட்டேன். நாட்டு அணியில் உன் இடத்தை நீ வைத்துக்கொள், அதைத் திருப்பிக் கொடுக்க முடியாது, கொடுத்தாலும் அவன் வாங்க மாட்டான். ஆனால் அந்தப் பாட்டில் எப்படி அந்த மேசைக்கு வந்தது என்று உன் அக்காவிடம் நீயே உன் வாயால் சொல்ல வேண்டும். யாரும் சொல்லிக் கொடுத்து அல்ல, என் பேரைச் சொல்லியும் அல்ல. அவள் அழுவாள், கையில் கிடைத்ததை வீசுவாள், வாங்கிக்கொள். அதற்குப் பிறகு அவள் குடுக்கையைத் தூக்கிக்கொண்டு வந்தால் நானும் பக்கத்தில் நின்று பிடிப்பேன், கூட்டத்தில் என் சத்தம்தான் பெரிதாக இருக்கும். நீ சொல்லாமல் வந்து இறங்கினால் மாலை இருக்கும், வண்டிகள் இருக்கும், உன் அத்தான் சிரித்துக்கொண்டு நிற்பான், நான் இருக்க மாட்டேன்.

குளிரில் வெறுங்காதோடு ஓடாதே. வலிக்கு மாத்திரை போட்டுக்கொண்டு ஓடாதே. அப்பா உனக்கு ஒன்றும் சொல்லச் சொல்லவில்லை, ஆனால் வானொலியில் உன் பெயர் வந்தபோது எழுந்து நின்றார், அதையும் மறைக்காமல் எழுதிவிடுகிறேன். கடவுள் உன் காலுக்குப் பலம் கொடுக்கட்டும், நாக்குக்கு அதைவிடக் கொஞ்சம் கூடுதலாகக் கொடுக்கட்டும். கடிதம் கைக்கு வந்ததும் செரொப்பைக் கூப்பிடு, அவளிடம் பேசி முடித்ததும் குடும்பக் குழுவில் ஒரே ஒரு வரி போடு, அக்காவிடம் சொல்லிவிட்டேன் என்று. அதைப் பார்த்த நிமிடம் ஊரையெல்லாம் நானே கூட்டுகிறேன். போன் கையில்தான் இருக்கிறது.

உன்னைப் பெற்றவளும் உன் முதல் ரசிகையுமான
ஜெமேலி