கழுவிய பானை

பிப்ரவரி 2, திண்டிவனம்
வல்லத்துக்குத் தெற்கே உள்ள புறம்போக்கு மேட்டில், மழை அரித்த ஓரத்தில், ஒரு பானையின் அடிப்பாகம் கிடைத்தது. சக்கரமில்லாமல் கையால் செய்தது. உள்ளே கறுப்பாய் ஏதோ ஒட்டியிருக்கிறது. அருகில் தேய்ந்த அரைகல். அதை என்னால் அசைக்கவும் முடியவில்லை. அலைந்து திரிகிறவர்கள் இத்தனை கனத்தைச் சுமக்கமாட்டார்கள். இங்கே தங்கி விதைத்திருக்கிறார்கள் - நான்காயிரம் வருடம் முன்பு? எனக்கென்ன தெரியும்? பள்ளிக்கூடத்தில் வரலாறு நடத்தியவன், அவ்வளவுதான்.

பிப்ரவரி 3
பானையைக் கழுவி, உலர்த்தி, எண் எழுதினேன்: 1.

பிப்ரவரி 7
சாலை போட மேட்டு மண்ணை எடுக்கப்போகிறார்கள். திங்கட்கிழமை வேலை தொடக்கம்.
தொல்லியல் அலுவலரின் எண்ணை மூன்று முறை அழுத்திவிட்டு வைத்தேன். நான்காவது முறை பேசினேன்.
"உள்ள ஒட்டியிருந்தது இருக்குதுங்களா சார்? கருகின தானியமா இருந்தா காலம் சொல்லிடலாம். அதை வெச்சு வேலைய நிறுத்தலாம்."
கழுவிவிட்டேன். நானே. பல் துலக்கும் பிரஷ்ஷால்.

பிப்ரவரி 8
அந்தத் தண்ணீரை மல்லிகைச் செடிக்குத்தான் ஊற்றினேன். செடியடி மண்ணை மாவுச் சல்லடையில் சலித்தேன்.
"ஒண்ண அழுக்கா வுடமாட்டீங்களே! கல்யாணம் ஆன நாள்லேர்ந்து இதே பேஜாரு" என்றாள் என் மனைவி அமல்ராணி. பிறகு அவளும் பக்கத்தில் குந்திச் சலித்தாள்.
ஐந்து மணிகள். கருகிய கொள்ளு.
மறுபடி போன் போட்டேன். அலுவலர் வருத்தத்தோடுதான் சொன்னார்: "உங்க வூட்டு மண்ணுல கிடைச்சத மேட்டுல கிடைச்சதுன்னு எப்படி சார் எழுதுறது? நானே வந்து தோண்டிப் பாக்கணும். வியாழக்கிழமை ஆவும்."
வியாழன்! அதற்குள் மேடே இருக்காது. ஏன் கழுவினேன்? யார் கழுவச் சொன்னது?

பிப்ரவரி 9
மாதா கோயில் ஞாயிறு பூசையில் ஒன்றும் காதில் விழவில்லை. சாலை ஒப்பந்தக்காரர் வீட்டு வாசல் வரை போனேன். கூப்பிடாமலே திரும்பிவிட்டேன்.

பிப்ரவரி 10, மேட்டின் மேல், காலை 7.40
பொக்லைன் ஓட்டி வந்தவன் சந்தோஷ். என்னிடம் படித்தவன்.
"ஜல்தி எறங்குங்க சார். காலங்காத்தால என்னா காமெடி பண்ணிக்கினு?"
எழுந்திருக்கவில்லை.
"எவ்ளோ நேரம் சார் குந்திக்கினு இருப்பீங்க?"
"வியாழக்கிழமை வரைக்கும்பா."
இயந்திரத்தை நிறுத்திவிட்டு முதலாளிக்குப் போன் போடுகிறான். போலீஸ் என்ற சொல் கேட்கிறது.
கீழே அமல்ராணி பஸ்ஸிலிருந்து இறங்குகிறாள். கையில் சோற்றுத் தூக்கு. கக்கத்தில் பாய்.