ஆறாவது பீப்பாய்

1931 மார்ச் 9, திங்கள், காலை 7.40. பீப்பாய் ஆறு.

ஒரே கப்பல், ஒரே பிரெஞ்சுத் தோட்டம், ஒரே வெள்ளை வைன். ஐந்தை ருசி பார்த்துக் கையெழுத்திட்டாயிற்று; சுவை ஒன்று. பிந்தி, சனிக்கிழமை கண்டிக்கு வந்த ஆறாவது மட்டும் மஞ்சள். கருகிய சீனி மணம். அளவுகோலில் ஒன்றரை அங்குலம் குறைவு. ஞாயிறு முழுக்கக் கிட்டங்கிச் சாவி அதன் பொறுப்பாளர் லாபிர் நானாவிடம். அவர் மேசைக்கடியில் கித்துள் பனைப் பாணிப் போத்தல், அரைவாசி காலி. வைனைக் களவாடி, பாணி ஊற்றி மறைக்கப் பார்த்திருக்கிறார்; வேறென்ன சாட்சி வேண்டும்? போத்தலை எடுத்து வைத்துக்கொண்டேன்.

மார்ச் 10

முதலாளி ராஜரத்தினம் மோந்து பார்த்தார். "பாணி மணம்தான். நீர் படிச்ச ஆள், எழுதித் தாரும்." லாபிரின் களவென்று எழுதிக் கொடுத்தேன், நாலு வரி. ரம்புக்கனையில் பின்னால் இன்னொரு எஞ்சின் பூட்டி மலையேற்றும் ரயில் கூலியே விலையைத் தூக்குகிறது. இதில் களவு வேறா?

மார்ச் 11

லாபிரை நிற்பாட்டியாயிற்று. பதினொரு வருட வேலை. போகும்போது என்னிடம்: "வாயில வெக்காத ஹராம் சாமானுக்கு நான் எப்புடித் தம்பி ருசி பார்த்துக் கலக்குற? ஒங்கட கண்ணாடிக் குச்சிக்கிட்டயாச்சும் கேட்டீங்களா?"

நல்ல நடிப்பு.

மார்ச் 12

நடிப்பா?

சீனி அளக்கும் கண்ணாடி மிதவையை ஆறு பீப்பாயிலும் இட்டேன். பாணி விழுந்திருந்தால் ஆறாவதில் மேலே எழும்பியிருக்கும். ஒரு கோடுகூட எழும்பவில்லை. திங்களன்றே ஏன் பார்க்கவில்லை — மூக்கே போதுமென்றா?

ரயில் சரக்குச் சீட்டு: ஆறாவது மட்டும், வண்டியில் இடமில்லாமல் கொழும்பில், தகரக் கொட்டகையில், இருபத்திரண்டு நாள். மாசி வெயில். மற்ற ஐந்தும் அடுத்த நாளே மலைக் குளிருக்கு வந்துவிட்டன.

மார்ச் 13

ஐந்தாம் பீப்பாய் வைன் ஒரு போத்தல். இறுக மூடி, வெயிலுக்குப் பதிலாகப் பாண் சுடும் போறணை மேல் வைத்தேன். பேக்கரிக்காரன் சிரித்தான்: "அவிச்சுக் குடிக்கப் போறீங்களா சேர்?"

மார்ச் 19

மஞ்சள். அதே மணம். அந்த ஒன்றரை அங்குலத்தைக் குடித்ததும் வெயில்தான், பலகை வழியே.

முதலாளியிடம் சொன்னேன். "அதை விடும். தேயிலைத் தோட்டத்துத் துரைமார் ஆறாவதைத்தான் கேக்கினம். போத்தலுக்கு அம்பது சதம் கூட்டியாச்சு."

"லாபிர் நானா?"

"நீர்தானே எழுதித் தந்தீர்."

இனி:

1. அந்த நாலு வரிக்குப் பதில் புதுக் கடிதம். முதல் வரி: பிழை என்னுடையது.
2. லாபிரைத் திருப்பி வேலைக்கு எடுக்கும்வரை, எந்தப் பீப்பாய்க்கும் என் கையெழுத்து இல்லை.
3. ஞாயிறு, அவர் ஊருக்குத் தெல்தெனிய பஸ். பாணிப் போத்தலை அவர் கையில் கொடுப்பது. வாசலிலேயே நிறுத்தினால், வாசலிலேயே நின்று சொல்வது.